பத்திரம் பத்திரமா இருக்கா?

நாலு நாளா மழை. கடலைக்குக் களையெடுக்கப் போக முடியல. பையன் போன்ல 'ஸ்கேம் 2003' தொடரைப் பார்த்து முடிச்சேன். எனக்கு இந்தி தெரியாது. பையன் பக்கத்துல உட்கார்ந்து சொல்லச் சொல்ல புரிஞ்சுது.

அப்துல் கரீம் தெல்கியோட கதை, 2023ல வந்துச்சு. கர்நாடகாவுல கானாபூர்க்காரர், ரயில்ல பழம் வித்தவர். போலி முத்திரைத்தாள் அச்சடிச்சு பல மாநிலத்துல வித்தாரு. நாசிக் அரசு அச்சகம் கழிச்சுப்போட்ட மிஷினையே வாங்கினாருன்னா பாருங்களேன்! அசலுக்குத் தட்டுப்பாடு வந்தா போலி தானா விலை போகும். உரக்கடை வாசல்ல நின்ன எங்களுக்கு இது புதுசில்ல. 2001ல அஜ்மீர்ல பிடிபட்டாரு. 2006ல 30 வருஷம் தண்டனை. 2017ல கைதியாவே பெங்களூருல இறந்துட்டாரு.

ககன் தேவ் ரியார் நடிப்பு அருமை. உடந்தையா இருந்த அதிகாரிகளையும் காட்டியிருக்காங்க, அதுக்குப் பாராட்டலாம். ஆனா டான்ஸ் பார்ல பணத்தை வாரி இறைக்கிற சீன்ல பையன் கை தட்டினான் பாருங்க, அங்கதான் எனக்கு மனசு சரியில்ல.

"அரசாங்கத்தைத்தானப்பா ஏமாத்துனாரு, நம்மள இல்லையே"ன்னான்.

அவனுக்குத் தெரியாது. 2001ல நகையை அடகு வச்சு ஒன்றரை ஏக்கர் வாங்கினேன். 2003ல பேப்பர்ல இந்தச் செய்தி பெருசா வந்த அன்னிக்கு, டிரங்குப் பெட்டியிலிருந்து பத்திரத்தை எடுத்து வெயில்ல தூக்கித் தூக்கிப் பார்த்தேன். எது அசல், எது போலின்னு எனக்கு எப்படித் தெரியும்? அன்னிக்கு ராத்திரி நானும் வீட்டுக்காரியும் தூங்கல. மறுநாள் பத்திரம் எழுதுறவர்கிட்ட ஓடினேன். "ஆபீஸ்ல பதிவாகியிருக்குல்ல, பயப்படாதீங்கண்ணே"ன்னாரு. அப்புறம்தான் சோறு இறங்குச்சு.

அந்த ஒரு ராத்திரியைத் தொடர்ல எங்கயும் காணோம். திருடன் எப்படிப் பெரிய ஆளானான்னு அத்தனை எபிசோடு எடுக்குறீங்க. தாளைக் கையில வச்சுக்கிட்டு நடுங்கினவனுக்கு ஒரு எபிசோடு கொடுத்திருக்கலாம். அப்படி எடுத்திருந்தா என் பையன் கை தட்டியிருக்க மாட்டான்.

இப்போ இ-ஸ்டாம்ப் வந்தாச்சு. இருந்தாலும் ஊர்ல நிலத்தை விட்டுட்டு டவுன்ல இருக்கிறவங்க வருஷத்துக்கு ஒரு தடவையாவது வில்லங்கம் போட்டுப் பாருங்க. பத்திரம்னு பேர் வச்சதாலயே அது பத்திரமா இருந்துடாது.