ஒரு ஓட்டில் கவிழ்ந்த மந்திரிசபை யுத்தம் நடத்தியது!

வாசுதேவநல்லூர், தென்காசி பார்லிமெண்டுத் தொகுதியைச் சேர்ந்த ஊர். 1998 தேர்தலில் இந்தத் தொகுதி டெல்லிக்கு அனுப்பிய உறுப்பினர் எஸ்.முருகேசன், அ.தி.மு.க.காரர். 1999 ஏப்ரல் 17-ந் தேதி வாஜ்பாய் மந்திரிசபை மீது ஓட்டெடுப்பு நடந்தது. அ.தி.மு.க.வின் 18 உறுப்பினர்களும் எதிர்த்து ஓட்டுப் போட்டார்கள்.

ஆதரவு 269. எதிர்ப்பு 270. ஒரே ஓட்டில் சர்க்கார் கவிழ்ந்தது!

எதிர்க்கட்சிகளாலும் மந்திரிசபை அமைக்க முடியவில்லை. ஏப்ரல் 26-ந் தேதி ஜனாதிபதி கே.ஆர்.நாராயணன் லோக்சபையைக் கலைத்தார். தேர்தல் முடியும்வரை பழைய மந்திரிகளே நீடித்தார்கள். காலி செய்யச் சொன்ன பிறகும், வேறு ஆள் வராததால் வீட்டில் தங்கியிருக்கும் குடித்தனக்காரர் நிலைதான்!

அந்த நேரம் பார்த்து வந்தது கார்கில் யுத்தம்.

<b>யார் அந்த மந்திரிகள்?</b>

ராணுவ மந்திரி ஜார்ஜ் பெர்னாண்டஸ். வெளிநாட்டு மந்திரி ஜஸ்வந்த்சிங். உள்நாட்டு மந்திரி அத்வானி. நிதி மந்திரி யஷ்வந்த் சின்கா. தமிழ்நாட்டைச் சேர்ந்த ரங்கராஜன் குமாரமங்கலம் மின்சாரத்தையும், வாழப்பாடி ராமமூர்த்தி பெட்ரோலியத்தையும் கவனித்தனர். அ.தி.மு.க.வின் தம்பித்துரையும், நெல்லை உறுப்பினர் கடம்பூர் ஜனார்த்தனனும் ஏப்ரலிலேயே பதவியை விட்டு விலகிவிட்டார்கள். ஓட்டெடுப்பில் சர்க்காரை ஆதரித்த தி.மு.க.வுக்கு அப்போது மந்திரி பதவி கிடையாது.

செலவுக்குப் பணம் இருந்தது. சபை கலைவதற்கு முன் பட்ஜெட்டை விவாதமே இல்லாமல் நிறைவேற்றிக் கொடுத்திருந்தார்கள். மந்திரிசபை லோக்சபைக்குக் கூட்டாகப் பொறுப்பு என்கிறது அரசியல் சட்டம். லோக்சபையே இல்லை என்றால் யாருக்குப் பொறுப்பு?

மந்திரிகள் தடுமாறவில்லை என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். மே 26-ந் தேதி விமானத் தாக்குதல் தொடங்கியது. ஆனால் எல்லைக் கட்டுப்பாட்டுக் கோட்டைத் தாண்டக் கூடாது என்பது உத்தரவு. விமானிகளுக்கு அது பெரிய கஷ்டம். ஆனால் உலக நாடுகள் இந்தியாவின் பக்கம் நின்றதற்கு அதுவே முக்கிய காரணம். பெரும்பான்மை உள்ள சர்க்கார்கூட இவ்வளவு நிதானம் காட்டியிருக்குமா என்பது சந்தேகமே.

நிதானத்தின் விலையைக் கொடுத்தவர்கள் மலையில் ஏறிய சிப்பாய்கள். திருச்சியைச் சேர்ந்த மேஜர் சரவணன் மே 29-ந் தேதி வீரமரணம் அடைந்தார். அவர் உடல் ஒரு மாதத்துக்கு மேல் பனிமலையிலேயே கிடந்தது. யுத்தத்தில் மாண்டவர்கள் மொத்தம் 527 பேர்.

<b>கேட்க ஆள் இல்லை</b>

ஊடுருவலில் நவாஸ் ஷெரீப் சர்க்காருக்குப் பங்கு இல்லை என்று பெர்னாண்டஸ் பேசினார். ஊடுருவியவர்கள் பத்திரமாகத் திரும்ப வழிவிடலாம் என்றும் சொன்னார். கண்டனம் எழுந்தது. லோக்சபை இருந்திருந்தால் அவரை எழுப்பி நிறுத்திப் பதில் வாங்கியிருப்பார்கள்.

1962-ல் அப்படித்தான் நடந்தது. சீன யுத்தம் நடந்துகொண்டிருந்தபோதே நவம்பர் 8-ந் தேதி பார்லிமெண்டு கூடியது. அசைக்க முடியாத பெரும்பான்மை இருந்தும், கிருஷ்ணமேனனைப் பிரதமர் நேருவால் காப்பாற்ற முடியவில்லை. அன்று பார்லிமெண்டை உடனே கூட்டும்படி வற்புறுத்தியவர்களில் ஒருவர் யார் தெரியுமா? ராஜ்யசபையின் இளம் உறுப்பினர் வாஜ்பாய்!

1999-லும் ராஜ்யசபை உயிரோடுதான் இருந்தது. அதைக் கூட்டும்படி காங்கிரஸ் கேட்டது. வாஜ்பாய் சர்க்கார் சம்மதிக்கவில்லை. சர்வகட்சிக் கூட்டத்தோடு நிறுத்திக்கொண்டது. மூடிய அறையில் பேசுவது வேறு, நாடு கேட்கப் பதில் சொல்வது வேறு. ஊடுருவலை முன்கூட்டியே ஏன் கண்டுபிடிக்கவில்லை என்பதை ஆராய, கே.சுப்பிரமணியம் கமிட்டி அமைந்ததே யுத்தம் முடிந்த பிறகு, ஜூலை 29-ந் தேதிதான்.

செப்டம்பர், அக்டோபரில் தேர்தல் நடந்தது. பா.ஜ.க.வுக்கு முன்பு கிடைத்த இடங்கள் 182. யுத்தத்தில் ஜெயித்த பிறகும் அதே 182! கூட்டணிக் கட்சிகளின் பலத்தால்தான் பெரும்பான்மை கிடைத்தது. தி.மு.க.வின் முரசொலி மாறன் மந்திரியானார். தென்காசித் தொகுதி மறுபடியும் முருகேசனையே தேர்ந்தெடுத்தது.