திரும்பி வந்த அணி

ஊரைக் காலி செய்துகொண்டு போன விளையாட்டு அணி திரும்பி வருவது அபூர்வம். ஸ்விஃப்ட் கரண்ட் பிரான்கோஸ் வந்தது. 12 ஆண்டு கழித்து, அதே பெயரோடு, அதே அரங்கத்துக்கு வந்தது. இந்த அணியைப் பற்றி எழுத வேண்டும் என்று வெகுநாளாக நினைத்திருந்தேன்.

கனடாவின் சஸ்காட்செவன் மாகாணத்தில், கோதுமை வயல்களுக்கு நடுவே இருக்கிறது ஸ்விஃப்ட் கரண்ட். மக்கள்தொகை 16,000-ஐ ஒட்டித்தான். குளிர்காலத்தில் ஊரே கூடும் இடம் ஐஸ் ஹாக்கி அரங்கம். அங்கே ஆடுகிறவர்கள் 16 முதல் 20 வயதுப் பையன்கள். பெட்டியும் மட்டையுமாக எங்கிருந்தோ வந்து இறங்குவார்கள். உள்ளூர்க் குடும்பங்கள் ஆளுக்கு ஒருவரையோ இருவரையோ வீட்டில் தங்கவைத்துச் சாப்பாடு போட்டு, பள்ளிக்கூடத்துக்கும் அனுப்பும். ஜூனியர் ஹாக்கி முழுக்க இந்த ஏற்பாட்டின் மேல்தான் நிற்கிறது. அதனால் ஓர் அணி இடம்பெயரும்போது ஊர் இழப்பது ஆட்டத்தை மட்டும் என்று என்னால் நினைக்க முடிவதில்லை. சாப்பாட்டு மேசையில் ஒரு நாற்காலி காலியாகிறது.

அணி தொடங்கியது 1967-இல். பின்னாளில் வட அமெரிக்கத் தொழில்முறை ஹாக்கி லீக்கான என்.ஹெச்.எல்.லின் பெரும் நட்சத்திரமான பிரையன் ட்ராட்டியே இங்கே ஆடியவர். இதே வட்டாரத்து வால் மரி கிராமத்துப் பையன். 1974-இல் அணி ஆல்பர்ட்டா மாகாணத்தின் லெத்பிரிட்ஜ் நகரத்துக்குப் போனது. ஸ்விஃப்ட் கரண்டைவிடப் பெரிய ஊர். ட்ராட்டியேவும் கூடப்போய் ஒரு பருவம் ஆடினார். லெத்பிரிட்ஜிலும் அணி நன்றாகவே வாழ்ந்தது. சட்டர் சகோதரர்கள் ஆறு பேரும் அங்கே ஆடித்தான் என்.ஹெச்.எல்.லுக்குப் போனார்கள்.

1986-இல் ஸ்விஃப்ட் கரண்ட் மக்கள் கூடி அணியைத் திரும்ப வாங்கினார்கள். இன்றுவரை அது தனி முதலாளி இல்லாத, ஊரார் அணி. லெத்பிரிட்ஜ் நெடுநாள் காத்திருக்கவில்லை. அடுத்த ஆண்டே கால்கரி அணி அங்கே வந்து சேர்ந்தது. அந்த அணியே 1977-இல் வின்னிபெக்கிலிருந்து கால்கரிக்குப் போனதுதான்.

திரும்பி வந்த முதல் குளிர்காலம். 1986 டிசம்பர் 30. ரெஜைனாவில் ஆட்டம், சுமார் 240 கிலோமீட்டர். ஊரைத் தாண்டிச் சில நிமிடங்களில், பனி உறைந்த நெடுஞ்சாலையில் பேருந்து வழுக்கிக் கவிழ்ந்தது. பின்வரிசையில் சீட்டாடிக்கொண்டிருந்த நான்கு பையன்கள் இறந்துபோனார்கள். ஒருவனுக்கு 16 வயது, மூத்தவனுக்கு 20. பிழைத்தவர்கள் மறுபடி பேருந்தில் ஏறினார்கள், பருவத்தை ஆடி முடித்தார்கள். அந்தப் பிள்ளைகளுக்கு மனநல ஆலோசனை எதுவும் ஏற்பாடு செய்யப்படவில்லை.

1989-இல் அதே அணி பிளே-ஆஃப் சுற்றுகளில் 12 ஆட்டம் ஆடி 12-ஐயும் வென்றது. சஸ்கட்டூனில் நடந்த, ஜூனியர் ஹாக்கியின் பெரிய கோப்பையான மெமோரியல் கோப்பை இறுதி ஆட்டத்தில், உள்ளூர் அணியான பிளேட்ஸை அதன் ரசிகர்கள் முன்னிலையிலேயே, கூடுதல் நேரத்தில் 4-3 என்று தோற்கடித்தது. விபத்தில் பிழைத்தவர்கள் சிலர் அந்த அணியில் இருந்தார்கள். கதை இங்கே முடிந்திருந்தால் எவ்வளவு நன்றாக இருந்திருக்கும்!

முடியவில்லை. அணியின் பயிற்சியாளர் கிரஹாம் ஜேம்ஸை ஹாக்கி உலகம் அந்த ஆண்டின் மனிதர் என்று கொண்டாடியது. 1997-இல், தன் அணிப் பையன்களைப் பாலியல் வன்கொடுமைக்கு உள்ளாக்கிய குற்றத்துக்காக அவருக்கு மூன்றரை ஆண்டுச் சிறை. அந்தக் கொடுமையை வெளிப்படையாகப் பேசியவர் ஷெல்டன் கென்னடி. விபத்தில் பிழைத்தவர், கோப்பையைத் தூக்கியவர். எனக்குத் தொண்டை அடைப்பது இந்த இடத்தில்தான். காசு சேர்த்து அணியை மீட்ட ஊர், வீட்டுக்கதவைத் திறந்துவிட்ட ஊர், அரங்கத்தில் தினம் பார்த்த பையன்களின் முகத்தில் இதைப் பார்க்கவில்லை. ஊரார் கெட்டவர்கள் என்று நான் சொல்ல மாட்டேன். வெற்றியைத் தருகிறவரைச் சந்தேகிக்க யாருக்கும் மனம் வரவில்லை. ஆனால் பிறர் பெற்ற பிள்ளைகளை வாங்கி வைத்துக்கொள்கிற ஊருக்கு அந்தத் தயக்கம் கூடாது. அன்பு இருந்தது, கண்காணிப்பு இல்லை. கென்னடி 1998-இல் சக்கரச் சறுக்குக் காலணியோடு கனடாவின் குறுக்கே பயணம் செய்து, வன்கொடுமைக்கு ஆளான பிள்ளைகளுக்காக நிதி திரட்டினார்.

விபத்து நடந்த நெடுஞ்சாலையோரம் 2016-இல், முப்பதாவது நினைவு நாளில், ஒரு நினைவுச்சின்னம் திறந்தார்கள். நான்கிலைக் குளோவர் வடிவம். இலைக்கு ஒன்றாக இறந்த பையன்களின் சட்டை எண்கள்: 8, 9, 11, 22. ரெஜைனாவுக்கு ஆடப் போகும்போதெல்லாம் பிரான்கோஸ் பேருந்து அதைக் கடந்துதான் போகிறது.