கட்டைவிரலும் காரணமும்

புதிய திரைப்படங்களைப் பற்றித் தொலைக்காட்சியில் விமர்சகர்கள் வாதிடுவதால் பயன் என்ன? படம் பார்ப்பவர் தாமே முடிவு செய்துகொள்ள மாட்டாரா? இவ்வாறு கேட்போர் உண்டு. அமெரிக்காவின் சிக்காகோ நகரைச் சேர்ந்த ஜீன் சிஸ்கல், ரோஜர் ஈபர்ட் ஆகியோரின் நிகழ்ச்சி இக்கேள்விக்குத் தக்க விடை தருகிறது.

இருவரும் போட்டி நாளிதழ்களில் திரை விமர்சனம் எழுதியவர்கள். 1975ஆம் ஆண்டு உள்ளூர்த் தொலைக்காட்சியில் இணைந்து பேசத் தொடங்கினர். பின்னர், அவர்களின் விவாதம் நாடு முழுவதும் ஒளிபரப்பானது. 1999இல் சிஸ்கல் மறையும்வரை இக்கூட்டணி நீடித்தது. கட்டைவிரலை உயர்த்தினால் படத்தைப் பார்க்கலாம், தாழ்த்தினால் வேண்டாம். இதுவே அவர்களின் அடையாளம்.

ஒரு படத்தின் தரத்தை இரண்டே சைகைகளில் அடக்கலாமா என்று சிலர் குறைகூறினர். அதில் ஓரளவு நியாயம் உண்டு. எனினும், அந்தச் சைகைகளுக்குப் பின்னால் காரணங்கள் இருந்தன. 1991இல் வெளிவந்த 'தி சைலன்ஸ் ஆஃப் த லேம்ப்ஸ்' படத்தை ஈபர்ட் பாராட்டினார், சிஸ்கல் ஏற்கவில்லை. அப்படம் சிறந்த படத்திற்கான ஆஸ்கார் விருதை வென்றது. அதனால் சிஸ்கலின் கருத்து தவறாகிவிடாது. விருது பலர் வாக்களித்து எடுக்கும் முடிவு. விமர்சனமோ ஒருவர் காரணத்தோடு முன்வைக்கும் மதிப்பீடு. காரணம் தெரிந்தால், விமர்சகர் வெறுத்த படத்தையும் ஒருவர் விரும்பிப் பார்க்க முடியும்.

இத்தகைய விவாதம் சிறிய படங்களுக்கும் துணைநிற்கிறது. 1994இல் வந்த 'ஹூப் ட்ரீம்ஸ்', கூடைப்பந்து வீரராகும் கனவோடு வளர்ந்த இரண்டு சிக்காகோ மாணவர்களைப் பற்றிய ஆவணப்படம். ஏறத்தாழ மூன்று மணி நேரம் ஓடும் அப்படத்தில் புகழ்பெற்ற நடிகர் எவரும் இல்லை. அடிக்கடி மோதிக்கொள்ளும் இவ்விருவரும் அதை ஒருமனதாகப் போற்றினர். அதனால் பலரின் கவனம் அப்படத்தின் பக்கம் திரும்பியது.

இன்று கைப்பேசியைத் திறந்தால் ஒவ்வொரு படத்திற்கும் நட்சத்திரக் குறிகளும் மதிப்பெண்களும் தெரிகின்றன. எண்ணைப் பார்ப்பது எளிது. ஆனால், எண்ணோடு வாதிட முடியாது. காரணத்தோடுதான் வாதிட முடியும். ஆகவே, "படம் நன்றாக இருந்தது" என்று கூறும் மாணவர், "ஏன்?" என்ற கேள்விக்கும் விடை சொல்லப் பழகுவது நல்லது. அப்போதுதான் அந்தக் கருத்து உண்மையில் அவருடையதாகும்.