ஆக்கியோனும் கேட்போரும்

ஓஷின் என்னும் பெயரை அறியாத இல்லம் ஒருகாலத்தில் வெள்ளவத்தையில் அரிது. ஒரு மூடை அரிசிக்கு ஈடாக ஏவற்பணிக்கு அனுப்பப்பட்ட ஏழு வயதுச் சிறுமியின் துயரை ரூபவாகினியிற் கண்டு எம் அன்னையர் கண்ணீர் உகுத்தனர். அண்மையில் ஆசிரியர் கூடத்தில் அக்கதை பற்றிப் பேச்செழுந்தபோது, அதனை எழுதியவர் யாரென வினவினேன். விடையிறுப்பார் எவருமிலர். வினவிய யானும் நெடுங்காலம் அறியாதிருந்தவனே.

அவர் பெயர் ஹஷிடா சுகாக்கோ; 1925இல் பிறந்து 2021இல் மறைந்தவர். 1949இல் ஷோச்சிக்கு திரைப்பட நிறுவனத்தின் கதைவசனப் பகுதியிற் சேர்ந்தார். 1959இல் அவரைச் செயலாளர் பிரிவுக்கு மாற்ற முற்பட்டபோது, எழுத்தை விடாது பதவியை விட்டார். யப்பானில் தொலைக்காட்சி 1953இல் தொடங்கியது. திரைத்துறையினர் அதனை இளக்காரமாக நோக்கிய காலம் அது. அவ்விளைய சாதனத்திற்கே ஹஷிடா எழுதலானார்; 1964இல் புகழ்பெற்றார். 1983 ஏப்பிரலில் தொடங்கிய ஓஷின், பதினைந்து நிமிட அளவில் 297 பகுதிகளாக ஓராண்டு நிகழ்ந்தது.

அவர்தம் பாத்திரங்கள் மிக நீளப் பேசுகின்றன என்று குறை கூறினார் உளர். அதற்கு அவர் காட்டிய நியாயம் சிந்திக்கற்பாலது. வீட்டுவேலை செய்யும் பெண்ணுக்குத் திரையை நோக்க ஓய்வில்லை. அவள் செவியாலேயே கதையைத் தொடரல் வேண்டும் என்பதே அது.

தொலைக்காட்சி நாடகத்தை இலக்கியமெனக் கொள்ள நம் புலமையுலகம் தயங்குகின்றது. நன்னூலார் சிறப்புப் பாயிரத்துக்கு வகுத்த எட்டனுள் முதலாவது ஆக்கியோன் பெயர், ஏழாவது கேட்போர். தன் கேட்போர் அடுக்களையில் நிற்கின்றாள் என உணர்ந்து, அதற்கேற்ப உரையாடலை அமைத்தவர் பாயிர இலக்கணத்தில் ஒன்றனை முற்ற நிறைவேற்றியவரன்றோ? எஞ்சிய கடன் நம்முடையது. அவர் பெயரை முதலில் வைக்க வேண்டிய நாம் அதனைக் கேட்டறியவும் முயன்றோமில்லை.

யப்பான் 2020இல் தன் பண்பாட்டு விருதை ஹஷிடாவுக்கு அளித்தது. 1982இல் ஒளிபரப்பைத் தொடங்கிய ரூபவாகினி நிலையத்தை நாம் அந்நாட்டின் உதவியாற் பெற்றோம், ஓஷினையும் பெற்றோம். எழுதியவரை மதிக்கும் வழக்கத்தை மட்டும் பெற்றிலோம்.

பிறரைக் குறைகூறுமுன் என் பிழையை உரைத்தல் முறை. சில ஆண்டுகளுக்கு முன் எம் கலைவிழாவுக்கென மாணவி ஒருத்தி நாடகம் எழுதினாள், யான் பயிற்றினேன். அழைப்பிதழின் அச்சுப்படியைத் திருத்தியவனும் யானே. அதில் பிரதம விருந்தினர் பெயர் இருந்தது; நெறியாளன் என்று என் பெயரும் இருந்தது. அவள் பெயர் இல்லை. அவள் அதுபற்றி ஒரு சொல்லும் கூறினாளல்லள். அதன்பின் எழுதினாளுமல்லள்.

வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் நாடகம் எழுத வல்ல சிறுமியர் இன்றும் உளர். நன்னூலை மாணவர்க்குப் போதிக்கும் நாம், அழைப்பிதழ் அச்சிடும்போதும் அதனை நினைத்தல் வேண்டும்.