நிலக்கரிச் சீமையின் கதாசிரியர்

வங்க இலக்கியம் என்று பேச்சு எழுந்தால் நம்மவர்கள் தாகூர், சரத்சந்திரர், தாராசங்கர் என்று அடுக்குவார்கள். சைலஜானந்த முகோபாத்யாயரின் பெயர் அந்த வரிசையில் வருவதில்லை. அண்டால், ராணிகஞ்ச், அசன்சோல் பக்கம் உத்தியோகம் பார்த்த தமிழர்கள் நம் சங்கத்தில் பலர். நாமாவது அவரைப் படிக்க வேண்டாமா?

ஹௌராவிலிருந்து ராணிகஞ்சுக்கு 1855-ல் ரயில் பாதை போட்டதே நிலக்கரிக்காகத்தான். நீராவி எஞ்சின் காலத்தில் ரயில்வேக்காரர்களுக்கு நிலக்கரி என்றால் வாகன் எண்ணிக்கை, டன் கணக்கு, சாம்பல் எவ்வளவு விழும் என்ற கவலை. அதை வெட்டியவன் யார், அவன் வீட்டில் அன்று அடுப்பு எரிந்ததா என்பதற்கு எந்த ரிஜிஸ்டரிலும் கட்டம் கிடையாது. சைலஜானந்தர் எழுதியது அவனைப் பற்றித்தான்.

1901-ல் பிறந்த அவர், சிறு வயதிலேயே தாயை இழந்து அண்டாலில் தாய்வழிப் பாட்டனார் வீட்டில் வளர்ந்தார். பாட்டனார் நிலக்கரிச் சுரங்க முதலாளி. கவி நஸ்ருல் இஸ்லாம் இவருடைய இளமைத் தோழர். 1917-ல் இருவரும் பட்டாளத்தில் சேரப் புறப்பட்டார்கள். நஸ்ருல் போய்விட்டார், இவருக்கு இடம் கிடைக்கவில்லை. பின்னர் இவருடைய கதையொன்று அச்சில் வந்ததும் பாட்டனார் வீட்டை விட்டே வெளியேற்றினார். சொத்துள்ள வீட்டுப் பேரன் எழுத்துக்குக் கொடுத்த விலை அது.

1920-களின் தொடக்கத்தில் வந்த 'கொய்லாகுட்டி' கதைதான் பெயர் வாங்கித் தந்தது. (இது நம் ஊர்க் குட்டி அல்ல, கம்பெனிக்காரர்களின் தொழிற்கூடத்தையும் பங்களாவையும் சேர்த்துச் சொல்லும் வங்கச் சொல்.) சந்தால், பவுரி கூலிகளின் காதலும் பொறாமையும் சாவும் அவர் கதைகளில் வருகின்றன. அவர்களைப் பரிதாபத்துக்குரிய பொம்மைகளாக ஆக்காமல், நம்மைப் போலவே கோபமும் ஆசையும் உள்ள மனிதர்களாக எழுதினார். ஜமீன்தார் வீட்டுக் கதைகளில் ஊறிய வாசகர்களுக்கு அது புதிது.

பிற்பாடு சினிமா அவரை இழுத்துக்கொண்டது. 'நந்தினி' (1941), 'ஷஹர் தேகே தூரே' (1943) ஆகிய படங்களை இயக்கிப் புகழும் பெற்றார். வயிற்றுப்பாட்டைக் குறை சொல்ல நாம் யார்? ஆனாலும் சுரங்கக் கதைகளோடு ஒப்பிட்டால் எழுத்துக்கு அது நஷ்டமே என்பது என் அபிப்பிராயம். 1976 ஜனவரியில் காலமானார். அதற்குச் சில நாட்கள் முன்புதான், 1975 டிசம்பர் 27-ல், சஸ்நாலா சுரங்கத்தில் வெள்ளம் புகுந்து 370-க்கும் மேற்பட்ட தொழிலாளர்கள் மாண்டார்கள்.

வங்காளத்தைப் பள்ளியிலேயே கற்ற இளைஞர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்களில் ஒருவர் ஒரு கதையையாவது தமிழாக்கி இவ்விதழுக்குத் தரட்டும். காலேஜ் ஸ்ட்ரீட் கடைகளில் மூலப் புத்தகத்தைத் தேடித் தரும் பொறுப்பை நான் ஏற்கிறேன்.