கிறிஸ்மஸ் தீவில் ஒரு பறவையும் இருக்கு

வன்னியில் கிறிஸ்மஸ் தீவு எண்டால் முதலில் நினைவுக்கு வாறது முகாம்தான். 2009க்குப் பிறகு வள்ளமேறின எங்கட ஆக்கள் பலர் போய் இறங்கின இடம். அங்க வேறென்ன இருக்கு எண்டு கேட்கிற நிலைமையில் அப்போது ஒருவரும் இருக்கவில்லை.

அந்தத் தீவில் மட்டுமே கூடு கட்டுகிற கடற்பறவை ஒன்று இருக்கிறது: கிறிஸ்மஸ் தீவுப் பிரிகேட் பறவை. ஒரேயொரு முட்டைதான் இடும். குஞ்சு தன்பாட்டில் இரைதேட ஒரு வருடத்துக்கு மேல் எடுக்கும், அதனால் அடுத்த முட்டைக்கு இரண்டு வருடமாவது காத்திருக்க வேணும். கடற்பறவைதான், ஆனால் தண்ணீரில் இறங்கினால் சிறகு ஊறிவிடும். பறந்தபடியே மீனைக் கவ்வும், இல்லையெண்டால் மற்றப் பறவைகளைத் துரத்திப் பறிக்கும். கொஞ்சம் சண்டித்தனம்தான்.

19ஆம் நூற்றாண்டின் முடிவில் தொடங்கின பொஸ்பேற் அகழ்வு அதின்ர காட்டை வெட்டியது. கனிமம் உலர்த்தின இடத்துத் தூசியால் ஒரு கூட்டிடத்தையே பறவைகள் விட்டுப்போயின. இப்போது ஒரு கோல்ஃப் மைதானத்தையும் ஒரு மயானத்தையும் அண்டிய மரங்களில் கூடு கட்டுகின்றன. உலகம் முழுக்கச் சில ஆயிரம்தான் மிச்சம். செம்பட்டியலில் 'அழிவாய்ப்பு இனம்'.

அதே தீவில் சிவப்பு நண்டுகள் கடலுக்கு நடக்கிற காலத்தில் அவுஸ்திரேலியா வீதிகளையே மூடும். 2001இல் அதே நாடுதான் அந்தத் தீவைத் தன்ர குடிவரவு வலயத்திலிருந்து வெட்டியது, வள்ளத்தில் வாறவர்கள் அங்க இறங்கியும் அகதி விண்ணப்பம் போட முடியாதபடிக்கு. பறவைக்கு விசா வேண்டாம் எண்டு கவிதை எழுத நாங்கள் வரவில்லை. ஆனால் "மனுசருக்கே இடமில்லை, இதுக்குள்ள பறவையோ" எண்டு கேட்கிறதையும் எங்களால் ஏற்க முடியாது. நண்டுக்கு வழிவிட்டதாலா எங்கட சனத்துக்குக் கதவு மூடினது? இரண்டும் வேறு வேறு முடிவுகள்.

தீவுக்குள் காப்பாற்றினாலும் போதாது. இரைதேடி யாவாக் கடல் வரை போகிற இந்தப் பறவை அங்க மீன்பிடி நூலிலும் வலையிலும் சிக்கிச் சாகிறது. அதே நைலோன்தான் முல்லைத்தீவுக் கரையிலும் அறுந்து கிடக்கிறது. கொக்கிளாய்க் களப்பு 1951 தொடக்கம் சரணாலயம். அங்க வாற ஆலாக்களின்ர காலுக்கும் அந்த நூல் ஒன்றுதான்.

முகாமில் இருந்த ஆராவது, தலைக்கு மேல் கவைவாலோடு பெரிய கறுப்புப் பறவை வட்டமிட்டதைக் கண்டிருந்தால் எங்களுக்கு எழுதுங்கோ. வயிற்றில் வெள்ளைத் திட்டு இருக்கும். ஆணுக்குத் தொண்டையில் சிவப்புப் பை.