மாரடைப்பில் உள்ள அடைப்பு

மாரடைப்பு என்ற சொல்லுக்குள்ளேயே அடைப்பு இருக்கிறது. இதய நோய் பற்றி நம் வீடுகளில் நடக்கும் பேச்சும் அந்த ஒரு சொல்லைத்தான் சுற்றிவருகிறது. "அப்பாவுக்கு ரெண்டு அடைப்பாம், ஒண்ணு எழுபது பர்சன்ட், இன்னொண்ணு தொண்ணூறு." "ஸ்டென்ட் வச்சாச்சு, இனிமே பயமில்லை." ஆஞ்சியோகிராம் படத்தைத் திரையில் ஓடவிட்டு, சுருங்கிய இடத்தை டாக்டர் பேனா முனையால் தொட்டுக் காட்டும்போது குடும்பமே அந்த ஒரு புள்ளியைத்தான் பார்க்கிறது. குழாயில் ஏதோ சிக்கிக்கொண்டது, எடுத்துவிட்டால் சரியாகிவிடும் என்று மனம் முடிவுகட்டுகிறது. இந்தக் குழாய்க் கணக்கு பாதிதான் உண்மை. மீதிப் பாதியை நாம் கேட்காமல் விட்டதால்தான், தடுத்திருக்கக்கூடிய மரணங்களைத் 'திடீர்' மரணங்கள் என்று சொல்லி அழுதுகொண்டிருக்கிறோம்.

ரத்தக் குழாய் இரும்புக் குழாய் அல்ல, உயிருள்ள தசை. இதயத்துக்கே ரத்தம் கொடுக்கும் கரோனரித் தமனியின் அகலம் மூன்று, நான்கு மில்லிமீட்டர்தான். பேனா ரீஃபிள் அளவு என்று வைத்துக்கொள்ளலாம். அதன் உட்புறத்தில் ஒற்றை அடுக்குச் செல்களால் ஆன மெல்லிய படலம் இருக்கிறது. உயர் ரத்த அழுத்தம் இரவும் பகலும் அடித்து அடித்து அதைத் தளர்த்துகிறது. பீடி, சிகரெட் புகையின் நச்சும், ஏறியே கிடக்கும் சர்க்கரையும் அதைப் புண்ணாக்குகின்றன. ரத்தத்தில் மிகுந்துபோன எல்.டி.எல். என்ற கெட்ட கொழுப்பு அந்தப் படலத்தைத் தாண்டிச் சுவருக்குள் புகுந்து தங்கிவிடுகிறது. அதை அப்புறப்படுத்த வரும் வெள்ளணுக்கள் கொழுப்பை விழுங்கி விழுங்கி உப்பி, அங்கேயே மடிகின்றன. கூழாகிப்போன இந்தக் குவியலின் மேல் உடல் நார்த்திசுவால் ஒரு மூடி போட்டு வைக்கிறது. வருடம் போகப் போகச் சுண்ணாம்புச் சத்து படிந்து சுவர் விறைக்கிறது. இத்தனையும் நடப்பது சுவருக்குள். ரத்தம் ஓடும் பாதையில் எதுவும் வந்து சிக்கவே இல்லை.

ஆஞ்சியோகிராம் காட்டுவதோ அந்தப் பாதையின் நிழலை மட்டும். 1987-ல் சிகாகோவைச் சேர்ந்த சீமோர் கிளாகோவும் அவருடைய சகாக்களும் இறந்தவர்களின் இதயத் தமனிகளை ஆராய்ந்து ஒன்றைக் கண்டார்கள். படிவு வளர வளரத் தமனி வெளிப்பக்கமாக விரிந்து அதற்கு இடம்கொடுக்கிறது. படிவு ஏறக்குறைய 40 சதவீத இடத்தைப் பிடிக்கும்வரை பாதை குறுகுவதே இல்லை. டிரெட்மில் பரிசோதனையும் ரத்த ஓட்டம் நன்றாகக் குறைந்த பிறகுதான் மாற்றம் காட்டும். ஆனால் மாரடைப்பு பெரும்பாலும் படிவின் மேலிருக்கும் அந்த மூடி கிழிவதால் வருகிறது. உள்ளிருக்கும் கூழ் ரத்தத்தைத் தொட்டதும் ரத்தம் உறைந்து, நிமிடங்களில் பாதை மூடிக்கொள்கிறது. முந்தின நாள்வரை பாதிகூடச் சுருங்காத இடத்திலும் இது நடக்கும். "போன மாசம்தான் டெஸ்ட் எடுத்தார், எல்லாம் நார்மல்னு சொன்னாங்களே" என்று துக்க வீட்டில் எழும் கேள்விக்குப் பதில் இதுதான். அந்த டெஸ்ட் பொய் சொல்லவில்லை. அது கேட்ட கேள்வியே வேறு.

இந்தச் சுவர் நோய் எப்போது தொடங்குகிறது? கொரியப் போரில் இறந்த 300 அமெரிக்கச் சிப்பாய்களின் இதயங்களை ராணுவ மருத்துவர்கள் திறந்து பார்த்து 1953-ல் முடிவை வெளியிட்டார்கள். சராசரி வயது 22. உடல்தகுதி பார்த்து எடுக்கப்பட்ட இளைஞர்கள். அவர்களில் 77 சதவீதம் பேரின் தமனிகளில் நோயின் தடயம் இருந்தது. ஐம்பது வயதில் வெளிப்படும் நோய் இருபதுகளிலேயே வேர்விட்டுவிடுகிறது. அப்படியானால் எத்தனை காலம் கொழுப்பு மிகுந்திருந்தது என்பதும், அது எவ்வளவு என்பதைப் போலவே கணக்கில் வரவேண்டும். அதற்கான வலுவான சான்று 2006-ல் வந்தது. அமெரிக்கக் கறுப்பின மக்களில் சிலருக்கு ஒரு மரபணு மாற்றத்தால் பிறவியிலேயே எல்.டி.எல். 28 சதவீதம் குறைவு. பதினைந்து ஆண்டுகள் கவனித்ததில் அவர்களுக்கு இதயத் தமனி நோய் 88 சதவீதம் குறைந்திருந்தது. நடுவயதில் மாத்திரை தொடங்கி அதே அளவு குறைத்தாலும் இவ்வளவு பலன் கிடைப்பதில்லை. ஆயுள் முழுக்கக் கொஞ்சமாகக் குறைந்திருப்பதற்கு அத்தனை வலிமை.

ஆபத்துக் காரணிகள் என்று நாம் பட்டியலிடுபவை புதிய கண்டுபிடிப்புகள் அல்ல. அமெரிக்காவின் மாசச்சூசெட்ஸ் மாநிலத்தில் ஃபிரேமிங்ஹாம் என்ற ஊரில் 1948 முதல் 5,209 பேரைப் பல்லாண்டுகள் தொடர்ந்து கவனித்த ஆய்வுதான் ரத்த அழுத்தம், கொழுப்பு, புகை ஆகியவற்றின் பங்கை அழுத்தமாகக் காட்டியது. அது அமெரிக்கக் கதை என்று ஒதுக்க முடியாதபடி, கேரளத்தில் பிறந்த சலீம் யூசுஃப் தலைமையில் 52 நாடுகளில் நடந்த இன்டர்ஹார்ட் ஆய்வு 2004-ல் வந்தது. உலகெங்கும் முதல் மாரடைப்புகளில் பத்தில் ஒன்பதுக்கு, அளந்து பார்க்கக்கூடிய ஒன்பது காரணிகளே பொறுப்பு என்றது அது. தெற்காசியர்களுக்கு முதல் மாரடைப்பு வரும் சராசரி வயது 53, மற்றவர்களுக்கு 59 என்றும் காட்டியது. இன்னும் முக்கியமானது அந்த ஆய்வில் இருந்த பெருக்கல் கணக்கு. புகைப்பவருக்கு அபாயம் ஏறக்குறைய 2.9 மடங்கு, சர்க்கரை நோயாளிக்கு 2.4, ரத்த அழுத்தம் உள்ளவருக்கு 1.9. மூன்றும் ஒருவரிடமே சேர்ந்தால் 13 மடங்கு. 'கொஞ்சம் பி.பி., லேசா சுகர், எப்பவாவது ஒரு சிகரெட்' என்று ஒவ்வொன்றையும் தனித்தனியாகச் சின்னதாக்கிப் பேசுகிறோம். தமனிச் சுவரில் அவை ஒன்றாகச் சேர்ந்துதான் வேலை செய்கின்றன.

அப்படியானால் சுருங்கிய தமனியை விரித்துவைக்கும் ஸ்டென்ட் வீணா? இல்லவே இல்லை. நெஞ்சு வலித்து, தமனி மூடிக்கொண்டிருக்கும் அந்த மணி நேரங்களில் அதைத் திறந்துவிடுவது உயிரைக் காப்பாற்றும் வைத்தியம். அங்கே ஒரு நிமிடம்கூடத் தயங்கக் கூடாது. நடந்தால் நெஞ்சு வலிக்கிறவருக்கு வலியைக் குறைப்பதிலும் அதற்கு இடமுண்டு. நான் கேள்வி கேட்பது, நிலையாக இருக்கும் நோயாளிக்கு ஸ்டென்ட் வைத்துவிட்டு நோய் தீர்ந்தது என்று நம்புவதைத்தான். 2007-ல் வெளிவந்த கரேஜ் ஆய்வும், 5,179 நோயாளிகளைக் கொண்டு 2020-ல் வெளியான இஸ்கீமியா ஆய்வும் இதைத்தான் சோதித்தன. நல்ல மாத்திரை சிகிச்சையோடு ஸ்டென்ட்டோ பைபாஸோ சேர்த்தவர்களிலும், மாத்திரையோடு மட்டும் தொடங்கியவர்களிலும் மரணமோ மாரடைப்போ குறிப்பிடும்படி வேறுபடவில்லை. இடது பிரதானத் தமனியில் கடும் சுருக்கம் உள்ளவர்கள் இந்தக் கணக்கில் வரமாட்டார்கள், அதையும் சொல்லிவிட வேண்டும். மற்றவர்களுக்கு விளக்கம் எளிது. ஸ்டென்ட் ஓர் இடத்தைச் சரிசெய்கிறது. நோய் கிளைவிரியும் தமனி மரம் முழுக்க இருக்கிறது.

"எங்க தாத்தா தினமும் பீடி குடிச்சு, கறி தின்னு, தொண்ணூறு வயசு இருந்தார்" என்பார்கள். இருந்திருப்பார். அவரோடு பீடி குடித்து ஐம்பதில் போன நான்கு பேரைப் பற்றிப் பேச அவர்கள் வீட்டில் ஆள் இல்லை. "பரம்பரையில் இருக்கிறது, நாம் என்ன செய்ய" என்பது இன்னும் ஆழமான வாதம். பரம்பரைக்குப் பங்கு இருப்பது உண்மையும்கூட. ஆனால் 2016-ல் வெளியான ஒரு பெரிய ஆய்வில், மரபணு அபாயம் மிகுந்தவர்களிலும் புகையில்லாமல், உடல் பெருக்காமல், உடற்பயிற்சியோடும் நல்ல உணவோடும் வாழ்ந்தவர்களுக்கு இதய நோய் அபாயம் ஏறத்தாழ பாதியாக இருந்தது. மூன்றாவது தயக்கம் மாத்திரை மீது. கொழுப்பைக் குறைக்கும் ஸ்டேட்டின் மாத்திரை சாப்பிட்டால் உடம்பு வலிக்கிறது என்று நிறுத்திய 60 பேரை லண்டனில் ஓராண்டு சோதித்தார்கள். சில மாதம் ஸ்டேட்டின், சில மாதம் அதே போன்ற வெற்று மாத்திரை, சில மாதம் எதுவுமில்லை. ஸ்டேட்டினால் வந்ததாகச் சொன்ன தொல்லையில் 90 சதவீதம் வெற்று மாத்திரையிலும் வந்தது. அவர்கள் உணர்ந்த வலி மெய்தான், அதற்குப் பெரும்பாலும் மருந்து காரணமில்லை. இதை நோயாளியிடம் உட்கார்ந்து சொல்ல ஐந்து நிமிடம் போதும். அந்த ஐந்து நிமிடம் நம் புறநோயாளிப் பிரிவுகளின் கூட்டத்தில் கிடைப்பதில்லை என்பதுதான் என் ஆதங்கம்.

இனி அரசின் பக்கம் பார்ப்போம். 2017 பிப்ரவரியில் மத்திய அரசு மருந்து பூசிய ஸ்டென்ட்டின் விலையை 29,600 ரூபாய்க்குக் கட்டுப்படுத்தியது. தமிழக முதலமைச்சரின் காப்பீட்டுத் திட்டம் ஸ்டென்ட் வைக்கும் ஆஞ்சியோபிளாஸ்டிக்குப் பணம் கொடுக்கிறது. இரண்டும் நல்ல காரியம். ஆனால் 2021 ஆகஸ்ட்டில் கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' இவற்றைவிடப் பெரிய இதய சிகிச்சை என்றே நான் கருதுகிறேன். வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ரத்த அழுத்தம் பார்த்து, மாத்திரை கொடுத்துவிட்டுப் போகும் பெண் தன்னார்வலரின் வேலை தமனிச் சுவருக்கே நேராகப் போய்ச் சேர்கிறது. அதில் ஓர் ஓட்டையும் உண்டு. பகலில் வரும் அவருக்குப் பாட்டி கிடைப்பார். வேலைக்குப் போய்விட்ட முப்பத்தைந்து வயது மகன் கிடைக்கமாட்டார். தொழிற்சாலைகளுக்குப் போய்ப் பரிசோதிக்கும் 'தொழிலாளரைத் தேடி மருத்துவம்' அதை ஓரளவு அடைக்கிறது. ஓட்டுநர்களும், கடைச் சிப்பந்திகளும், வீட்டிலிருந்தே கணினி முன் உட்கார்ந்திருப்பவர்களும் இன்னும் வெளியேதான் நிற்கிறார்கள்.

அந்த மகன் ஓர் இடத்துக்கு மட்டும் தவறாமல் வருகிறார். அப்பாவுக்கு மாரடைப்பு வந்த இரவில் இதயப் பிரிவு வாசலுக்கு. ஆஞ்சியோ சி.டி.யைக் கையில் வைத்துக்கொண்டு, 'எத்தனை பர்சன்ட்' என்று கேட்டபடி விடியும்வரை அந்த நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். நெருங்கிய ரத்த உறவில் இளவயதிலேயே இதய நோய் என்றால் அதுவே ஓர் ஆபத்துக் காரணி. அப்பாவின் வயது ஐம்பதோ அதற்குக் கீழோ என்றால் அந்த வாசலில் உட்கார்ந்திருப்பவர் அடுத்த நோயாளி ஆகக்கூடியவர். அங்கே ஒரு மேசை, ஒரு பி.பி. கருவி, கொழுப்பும் சர்க்கரையும் பார்க்க ஓர் ஊசி ரத்தம், பேச ஒரு செவிலியர். அரசாக இருந்தாலும் தனியாராக இருந்தாலும், ஆஞ்சியோ செய்யும் ஒவ்வொரு மருத்துவமனைக்கும் இதைக் கட்டாயமாக்கலாம். அப்பாவின் டிஸ்சார்ஜ் ஃபைல் எழுதப்படும் அன்றே மகனுக்கும் ஒரு ஃபைல் தொடங்கட்டும்.